இரவல் குரல்

என் மனிசனை இத்தாலிக்காரர்கள் எத்தனையோ விதமாகக் கொன்றிருக்கிறார்கள். கடலில் தாழ்த்தியிருக்கிறார்கள். கடத்தல்காரன் கையால் சுட்டிருக்கிறார்கள். தக்காளித் தோட்டத்து வெயிலில் சுருண்டு விழவிட்டிருக்கிறார்கள். ஒரு படத்தில் பணக்காரக் கிழவிக்குச் சமையற்காரனாக இருந்து, அவளுக்கென்று யாரோ வைத்த நஞ்சை உப்புப் பார்க்கிறேன் என்று வாயில் விட்டுச் செத்தார். கொல்லாத படங்களில் பூ விற்றார், தரை துடைத்தார், வாசலைத் திறந்துவிட்டு "வாருங்கள் ஐயா" என்றார்.

அந்த "வாருங்கள் ஐயா"வும் அவர் சொன்னதில்லை.

லண்டனுக்கு வருவதற்கு முன் நாங்கள் சிசிலித் தீவின் பலெர்மோவில் இருந்தோம். நான் வீடுகள் துடைத்தேன். அவர் துறைமுகத்தடியில் ஒரு சாப்பாட்டுக்கடையில் கோப்பை கழுவினார். அங்கே படம் எடுக்க வந்தவர்கள், தாங்கள் கூட்டிவந்த நடிகனைவிட இவர் வடிவாகக் கழுவுகிறார் என்று கண்டு இவரைப் பிடித்து நிறுத்திவிட்டார்கள். இரண்டே இரண்டு வசனம். படம் வந்த அன்று பலெர்மோவில் இருந்த எங்கள் ஊர்க் குருநகர்ச் சனம் முழுக்கத் திரண்டு போனோம். நான் கல்யாணக் கூறை கட்டாத குறை. திரையில் இவர் வாயைத் திறந்தார், வேறு யாரோ பேசினான்.

"மலர், அது நானில்லை" என்றார் என் காதுக்குள்.

இத்தாலியில் அப்படித்தானாம். பெரிய பெரிய அமெரிக்க நடிகர்களுக்கே ரோமில் இருக்கிற ஒருவன் குரல் கொடுக்கும்போது, கோப்பை கழுவுகிறவனுக்கு என்ன வந்தது என்று கேட்டார்கள். குரல் கொடுத்தது போகட்டும். என் மனிசன் மீன்சந்தையில் நின்று விலை பேசினால், கண்ணை மூடிக் கேட்கிறவனுக்குப் பரம்பரைச் சிசிலிக்காரன் என்றுதான் படும். ரோமில் இருந்தவனோ நல்ல வெள்ளை இத்தாலியன், வாய்க்குள் கல்லைப் போட்டதுபோல் உடைத்து உடைத்துப் பேசினான். வெளிநாட்டான் அப்படித்தான் பேசவேண்டுமாம். அதன்பின் வந்த அத்தனை படத்திலும் அதே கதைதான். முகம் இவருடையது, குரல் இரவல். தெருவில் காண்கிறவர்கள் "கிளின்ரன் அண்ணை, இண்டைக்கு ஆற்ர குரல்ல கதைக்கிறியள்?" என்று பகிடி பண்ணுவார்கள். அவரும் சேர்ந்து சிரிப்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

பிள்ளைகளின் படிப்புக்காக லண்டனுக்கு வந்தோம். ஸ்ட்ரெதமில் ஒரு ப்ளாட். இங்கேயும் அவருக்கு இத்தாலிச் சாப்பாட்டுக்கடைக் குசினிதான். சினிமாச் சனியன் விட்டது என்று நான் நிம்மதியாக இருந்தேன். ஒரு மாரிக் குளிருக்கு ஷிப்டில் நின்றபடியே விழுந்தார். இருதயக் குழாயில் ஸ்டென்ட் வைத்து அனுப்பினார்கள். வீட்டுக்கு வந்த பிறகும் வெகுநாள் அவர் மூச்சுவிடுகிறாரா என்று கேட்டுக்கொண்டே படுத்தேன்.

அவர் எழும்பி நடமாடத் தொடங்கிய காலத்தில்தான் ஃபெதெரிகா போன் எடுத்தாள். இளம் பிள்ளை, அவள் இயக்குகிற இரண்டாவது படம் இது. வேலை தேடி லண்டனுக்கு வந்த ஓர் இத்தாலிப் பெடியனின் கதை. அவன் போய்ச் சேருகிற கட்டட வேலையில், பலெர்மோவிலிருந்து வந்த ஒரு தமிழன் கல் கட்டுகிற மேசனாக இருக்கிறான். சாரக்கட்டில் நின்று அந்தப் பெடியனுக்கு ஒரு பேச்சுப் பேசுகிறான். பிறகு விழுந்து செத்துப்போகிறான். சாகாமல் விடுவார்களா?

"குரல்?" என்று மட்டும்தான் என் மனிசன் கேட்டார்.

"உங்களுடையதுதான் சிஞ்ஞோர். படம் எடுக்கிற இடத்திலேயே ஒலியும் எடுக்கிறேன். பலெர்மோக்காரன் பலெர்மோக்காரனாகவே பேசவேண்டும்" என்றாள் அவள்.

ஒன்றரைப் பக்கப் பேச்சு. குளிக்கும்போதும் வெங்காயம் உரிக்கும்போதும் அதையே சொல்லிக்கொண்டு திரிந்தார். "தம்பி, உன்ர ஊரில நீ எனக்குக் கதவு திறந்துவிடேல்லை, இஞ்ச வா, நான் திறந்துவிடுறன்" என்கிற மாதிரி ஒரு பேச்சு, சிசிலிக்காரர்களின் இத்தாலியில். அதை எடுத்த அன்று அத்தனை பேரும் கை தட்டினார்களாம். வீட்டுக்கு வந்து, சாப்பிடாமல், எனக்கு முழுவதையும் மறுபடி பேசிக் காட்டினார். அந்த முகத்தை நான் எங்கள் கல்யாணத்தன்றுகூடக் கண்டதில்லை.

மிச்சம் இருந்தது பிரேத அறைக் காட்சி மட்டும். எட்மண்டனில் மூடிக்கிடந்த ஒரு பழைய கட்டடத்தின் கீழறையில் எடுத்தார்கள். அவருக்கு நேரத்துக்குக் குளிசை கொடுக்க ஆள் வேண்டும் என்று சோற்றையும் கட்டிக்கொண்டு நானும் போனேன். அவருக்குப் பெண்சாதியாக நடிக்க செவன் கிங்ஸில் இருந்து சுவர்ணா என்று ஒருத்தி வரவேண்டும். கோயில் நாடகங்களில் நன்றாக அழுகிறவள் என்று பேர். அவள் வரவில்லை. போன்தான் வந்தது. ஃபெதெரிகாவுக்கு அவள் சொன்னது விளங்காமல் போனை என்னிடம் நீட்டினாள்.

"அக்கா, மாமிக்குத் தெரிஞ்சுபோச்சு" என்று சுவர்ணா அழுதாள். "புருசன் உயிரோட இருக்கேக்க தாலியறுத்தவளா நடிச்சால் வீட்டுப்படி மிதிக்கக்கூடாதாம். என்னால ஏலாது அக்கா. டைரக்டரிட்டச் சொல்லிவிடுங்கோ."

சொல்லிவிட்டேன். அத்தோடு நிற்காமல், "லண்டனில் இருந்துகொண்டும் இன்னும் இந்த மூடத்தனம்" என்று இத்தாலியில் ஒரு பாட்டும் பாடிவிட்டேன். ஊருக்குத்தான் உபதேசம் என்பார்களே, அதுதான்.

ஃபெதெரிகாவின் முகம் வெளிறிவிட்டது. ஐந்து மணிக்குக் கட்டடத்தைப் பூட்டிவிடுவார்கள். விடிந்தால் கமெராக்காரர் ரோமுக்குப் பறக்கிறார்கள். படம் நீளம் என்று தயாரிப்பாளன் முதலே கத்துகிறான். "அழ ஆள் இல்லையென்றால் இந்த மனுசனின் சாவுக்குப் பொருளே இல்லை. சாவு போனால் சாரக்கட்டுப் பேச்சும் போகும். இந்த ஆளின் பகுதியையே வெட்டச் சொல்லுவான்" என்றாள். சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். அவளுக்குப் பின்னால், முகத்தில் சாம்பல் நிறம் பூசிக்கொண்டு, என் மனிசனும் என்னைப் பார்த்தார்.

"என்னைப் பாக்காதேங்கோ" என்றேன்.

அவர் என்னைப் படிக்கட்டடிக்குக் கூட்டிக்கொண்டு போனார். "ஒருக்கா மலர். ஒரேயொருக்கா."

"விசரே உங்களுக்கு? மாரிக்கு உங்களை உப்பிடித்தானே பாத்தனான், மூக்கில குழாயும் நெஞ்சில வயருமா. திருப்பியும் பாக்கச் சொல்லுறியளோ?"

"அப்ப நான் செத்துப்போவன் எண்டு பயந்து பாத்தீர். இப்ப நான் சாகேல்லை எண்டு தெரிஞ்சுகொண்டு பாக்கிறீர்."

"விளையாட்டு வினையாகும் எண்டு கேள்விப்படேல்லையோ நீங்கள்?"

"எத்தினை தரம் செத்திட்டன், என்ன வினை வந்தது?"

"அப்பவெல்லாம் நான் பக்கத்தில இருந்து அழேல்லை!"

அவர் படியில் குந்தினார். பிறகு மெல்லச் சொன்னார்: "என்ர வாயால இன்னொருத்தன் கதைச்சது காணும் மலர், போதும். உந்தப் பேச்சில மட்டும்தான் நான் நானா இருக்கிறன். நீர் அழாட்டி அதையும் வெட்டிப்போடுவாங்கள். இனி என்னை ஆர் கூப்பிடப்போறான்? இந்த நெஞ்சோட?"

அந்தக் கடைசிச் சொல்லைச் சொல்லியிருக்கக்கூடாது. எனக்குக் கோபம் உச்சிக்கு ஏறியது. ஆனால் அந்தப் பேச்சைப் பேசிக் காட்டிய அன்றைய முகம் கண்ணுக்குள் நின்றது. அந்த முகத்தை நானே கத்தரிக்கோல் வைத்து வெட்டுவதா?

"அழுறன். ஆனால் வீட்டை போய் உங்களோட கதைக்கமாட்டன்" என்றேன்.

உடுப்புக் கொடுக்கிற பெண் எனக்கு ஒரு பழைய கோட்டைப் போட்டுவிட்டு, கழுத்தில் கிடந்த தாலிக்கொடியைக் கழற்றச் சொன்னாள். ஏழை மேசனின் பெண்சாதியிடம் இவ்வளவு பவுண் நகை இருக்காதாம். "இதைத் தொட்டால் இப்பவே வீட்டை போயிடுவன்" என்று நான் இத்தாலியில் சொன்ன விதத்தில் அவள் இரண்டடி பின்னுக்குப் போனாள். கொடியைச் சட்டைக்குள் விட்டு, மேலே ஒரு சால்வையைச் சுற்றிக்கொண்டேன்.

கீழறையில் நல்ல குளிர். உருக்குத் தட்டில் அவரைக் கிடத்தி நெஞ்சுவரை வெள்ளைத்துணி போர்த்தியிருந்தார்கள். கண் மூடியிருந்தது. பலெர்மோவைக் காக்கிற சாந்தா ரொசாலியா தாயே, இது பொய், இது பொய் என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன்.

"அவருடைய பெயரைச் சொல்லிக் கூப்பிடுங்கள். 'ரவி, ரவி' என்று" என்றாள் ஃபெதெரிகா. படத்தில் அவருக்கு அதுதான் பெயர்.

"எங்கள் பக்கத்தில் பெண்சாதி புருசனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை."

"அப்படியென்றால் வீட்டில் எப்படிக் கூப்பிடுவீர்களோ அப்படியே கூப்பிடுங்கள்."

அது நல்ல யோசனை என்றுதான் நானும் நினைத்தேன். எல்லாரும் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றார்கள். கமெரா ஓடியது. நான் தட்டடிக்குப் போய், அவர் முகத்தைப் பார்த்துக் கூப்பிட்டேன்.

"இஞ்சாருங்கோ..."

"ஓம்" என்றது பிணம்.

கண் திறக்கவில்லை, உடம்பு அசையவில்லை. குசினியிலிருந்து நான் கூப்பிட்டால் கதிரையில் இருந்தபடி எப்படிச் சொல்லுவாரோ, அதே "ஓம்." மைக் பிடித்தவன் சிரிப்பை அடக்க முடியாமல் தடியை ஆட்டினான். தமிழ் தெரியாதவர்களுக்கும் செத்தவன் பதில் சொன்னது விளங்கியது. எனக்கு அந்த ஒரு சொல்லில் உயிர் திரும்பி வந்தது. நானும் சிரித்துவிட்டேன்.

ஃபெதெரிகா சிரிக்கவில்லை. "இன்னொரு முறை" என்றாள்.

இன்னொரு முறை கூப்பிட்டேன். இந்தமுறை சத்தம் வரவில்லை, ஆனால் தொண்டைக்குழி ஏறி இறங்கியது. கமெராவில் அப்படியே விழுந்துவிட்டதாம். கட்டடக் காவலாளி கதவடியில் வந்து நின்று கதவு பூட்டுகிற திறப்புக்கோர்வையை ஆட்டினான். ஃபெதெரிகா நகத்தைக் கடித்துக்கொண்டு, இனி ஒரேயொரு தரம்தான், அதோடு விளக்கை அணைக்கவேண்டும் என்றாள்.

"என்னப்பா நீங்கள்? வாயை மூடிக்கொண்டு கிடக்க ஏலாதோ?" என்று அவருக்குக் கிட்டக் குனிந்து கேட்டேன்.

"நீர் கூப்பிட்டால் நான் என்னெண்டு பேசாமல் கிடக்கிறது?" என்றார் கண்ணை மூடியபடியே. "கூப்பிடும். இந்தமுறை பல்லைக் கடிச்சுக்கொண்டு கிடக்கிறன்."

மறுபடி எல்லாரும் அடங்கினார்கள். கமெரா ஓடியது.

"இஞ்சாருங்கோ."

ஒன்றும் இல்லை.

தொண்டை அசையவில்லை. இமை அசையவில்லை. நல்லாய்ச் செய்கிறார் என்று நினைத்தேன். இன்னொரு தரம் கூப்பிட்டேன். இல்லை. அவர் கையைத் தொட்டேன், உருக்கைப்போல் குளிர்ந்திருந்தது. வெகுநேரமாக அந்தத் தட்டில் கிடக்கிறார், குளிரத்தானே செய்யும் என்று புத்தி சொன்னது. புத்தி சொல்வதை யார் கேட்டது? கட்டின நாளிலிருந்து நான் கூப்பிட்டு அவர் பதில் சொல்லாமல் இருந்ததில்லை. கோபத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தாலும், நித்திரையிலும் "ஓம்" வரும். கடைக் குசினியில் விழுந்த அன்று, நான் ஓடிப்போய் ஏறிய அம்புலன்சுக்குள்ளே, வாய்க்கு மேல் மூடி போட்டிருந்தபோதும் நான் கூப்பிட, மூடிக்குள் பனிப்புகார்போல ஒரு "ஓம்" வந்தது. இப்போது வரவில்லை.

மத்தியானக் குளிசையைப் போட்டாரா? நான் கொடுத்தேன். விழுங்கினாரா? சுவர்ணாவின் போன் வந்த பதற்றத்தில் நான் பார்க்கவில்லை.

"இஞ்சாருங்கோ! இஞ்சாருங்கோப்பா! என்னெண்டு கேளுங்கோ!" 

கமெரா மறந்துபோனது. துணியை இழுத்து எறிந்துவிட்டு அவர் நெஞ்சில் காதை வைத்தேன். என் இரத்தம் இடித்த இடியில் அவருடைய சத்தம் ஒன்றும் கேட்கவில்லை. தோளைப் பிடித்து உலுப்பினேன். அவர் தலை அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் உருண்டது. என்னென்ன சொல்லிக் கத்தினேனோ தெரியாது. உங்கட சினிமா நாசமாய்ப் போக என்றதும், என்னை விட்டிட்டுப் போகாதேங்கோ என்றதும் ஞாபகம் இருக்கிறது. சால்வை நழுவிக் கொடி வெளியே வந்து அவர் முகத்தில் தட்டுப்பட்டது.

"ஸ்டாப்!" என்றாள் ஃபெதெரிகா.

"ஓம், ஓம், இருக்கிறன். மலர், இருக்கிறன்" என்று அவர் எழும்பி என்னைப் பிடித்தார். பூசின சாம்பலெல்லாம் கண்ணீரில் கரைந்திருந்தது, அவருடையதா என்னுடையதா தெரியாது. எல்லாரும் கை தட்டினார்கள். ஃபெதெரிகா அழுதுகொண்டே என்னைக் கட்டிப்பிடிக்க வந்தாள். கொன்றுவிடலாம் போல இருந்தது எனக்கு. நான் வாழ்க்கையில் பட்ட மிகப்பெரிய பயத்தை அவர்கள் நடிப்பு என்று நினைத்துக் கை தட்டினார்கள்.

சொன்னபடியே அன்று முழுக்க அவரோடு கதைக்கவில்லை. பஸ்ஸில் வேறு சீற்றில் இருந்தேன். அவர் முன்சீற்றிலிருந்து திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டு வந்தார்.

படம் அடுத்த இளவேனிலுக்கு வந்தது. லண்டனில் ஒரு தியேட்டரில் இத்தாலிப் படங்களுக்கென்று ஒரு வாரம் ஒதுக்கியிருந்தார்கள். அவர் கோட்டும் சூட்டும் போட்டு, கழுத்துப்பட்டியை நாலுதரம் கழற்றிக் கட்டினார். ஃபெதெரிகா முன்வரிசையில் இருந்தாள். எங்களைக் கண்டும் கிட்ட வரவில்லை. கையை மட்டும் காட்டினாள். அப்போதே எனக்கு என்னவோ இடித்தது.

சாரக்கட்டுக் காட்சி வந்தது. திரை முழுக்க அவருடைய முகம். பக்கத்தில் அவர் முன்னுக்குக் குனிந்து உட்கார்ந்தார். திரையில் வாயைத் திறந்தார்.

வேறு யாரோ பேசினான்.

அதே கல்லைப் போட்ட வாய். அதே உடைந்த இத்தாலி. ஒன்றரைப் பக்கத்தையும் அவன் உடைத்து உடைத்துப் பேசி முடித்தான். படத்தை வாங்கிய கொம்பனிக்காரன், தமிழன் சிசிலிக்காரன் மாதிரிப் பேசினால் ஒருவரும் நம்பமாட்டார்கள் என்று சொல்லிவிட்டானாம். ஃபெதெரிகாவால் மறிக்க முடியவில்லையாம். இதெல்லாம் பிறகு தெரிந்தது. அந்த நேரத்தில் எனக்குத் தெரிந்தது அவருடைய கை மட்டும்தான். கதிரைப்பிடியில் இருந்த கை மெல்ல மடிக்கு இறங்கியது. "மலர், அது நானில்லை" என்று இந்தமுறை அவர் சொல்லவில்லை. அதைச் சொல்லாததுதான் என்னைக் கொன்றது. இதற்காகவா அந்தக் குளிரில் அவருக்காக அழுதேன்?

பிரேத அறை வந்தது. உருக்குத் தட்டில் அவர். கோட்டுப் போட்ட நான். தமிழுக்குக் குரல் கொடுக்க ரோமில் ஒருவரும் அகப்படவில்லை போலும், எனக்கு மட்டும் என் குரலையே விட்டிருந்தார்கள். படத்திலே ஒரு நாளும் நடிக்காதவளுக்குச் சொந்தக் குரல். ஆயுள் முழுக்க நடித்தவருக்கு இரவல். வெட்கத்தில் எனக்கு நிமிர முடியவில்லை.

"இஞ்சாருங்கோ" என்றேன் திரையில்.

திரையில் பிணம் பேசாமல் கிடந்தது.

"ஓம்" என்றார் பக்கத்தில்.

வாய் தவறித்தான் வந்தது, எனக்குத் தெரியும். அமைதியாக இருந்த தியேட்டரில் அது கணீரென்று விழுந்தது. முன்னால் இருந்தவர்கள் திரும்பினார்கள். யாரோ "ஷ்ஷ்" என்றார்கள். ஃபெதெரிகாவும் திரும்பிப் பார்த்தாள். அவர் வாயைப் பொத்தப் போனார். நான் அந்தக் கையைப் பிடித்துக் கீழே இறக்கி, இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

திரையில் இரண்டாம் தரமும் கூப்பிட்டேன். அவர் என்னைப் பார்த்தார். பிறகு திரையைப் பார்த்து, நெஞ்சை நிமிர்த்தி, இந்தமுறை வேண்டுமென்றே சொன்னார்.

"ஓம்!"

கடைசி வரிசைவரை எல்லாருக்கும் கேட்டது.